பழைய பிரெஞ்சுக் காதல் கூத்துகள், இரண்டு டிஸ்க்: சத்தத்தை அணைத்துவிட்டுப் பாருங்கள்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்தத் தொகுப்பை வெளியிட்ட கம்பெனியின் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. திட்டப் போகிறேன், அதனால்தான். இரண்டு டிஸ்க், ஒரு அட்டைப்பெட்டி, உள்ளே மெலிசாக ஒரு கையேடு. 1905-லிருந்து 1914 வரை பிரான்ஸில் எடுத்த மௌன நகைச்சுவைக் குறும்படங்கள். அதிலும் காதல், கல்யாணம், கள்ளத்தொடர்பு, மாமியார், நேரம்கெட்ட நேரத்தில் வீடு திரும்பும் புருஷன் என்று அந்த வகையறாவாகப் பார்த்துப் பொறுக்கியவை. பாதிக்கு மேல் மாக்ஸ் லிண்டெர் நடித்தவை. மீதியில் கோமோன் கம்பெனிப் படங்கள் கொஞ்சம், பாத்தே கம்பெனியின் துரத்தல் படங்கள் கொஞ்சம். யார் தேர்ந்தெடுத்தார்களோ, அவர் ரசனையுள்ள ஆள். அதை டிஸ்க்கில் ஏற்றியவர் வேறு ஆளாகத்தான் இருக்க வேண்டும்.

முதல் நாள் ராத்திரி சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்து போட்டேன். எறும்புப் புற்றில் யாரோ தண்ணீர் ஊற்றிவிட்டதைப்போல ஆட்கள் விழுந்தடித்து ஓடுகிறார்கள், கை ஆட்டுகிறார்கள், கதவு திறக்கிறது, மூடுகிறது, முத்தம் கொடுப்பது கோழி கொத்துவதுபோல் இருக்கிறது, இதற்கு நடுவே பியானோவில் ஒருவர் தகரத்தைத் தட்டுவதுபோல் தட்டிக்கொண்டே இருக்கிறார். மூன்றாவது படம் முடிவதற்குள் தலைவலி. பழைய படம் என்றால் இப்படித்தான் போல, நாம்தான் தேவையில்லாமல் ஆசைப்பட்டோம் என்று எடுத்து அலமாரியில் வைத்துவிட்டேன். ஒரு வாரம் அங்கேயேதான் கிடந்தது.

அப்புறம் ஒரு ஞாயிற்றுக்கிழமை சும்மா கணினியில் போட்டு, பிளேயரில் வேகத்தை 0.75-க்குக் குறைத்து, சத்தத்தை முழுதாக அணைத்துவிட்டுப் பார்த்தேன். சத்தியமாகச் சொல்கிறேன், வேறு படம்! அதே ஆட்கள் இப்போது நடக்கிறார்கள், யோசிக்கிறார்கள், தயங்குகிறார்கள். மாக்ஸ் ஒரு பெண்ணைப் பார்த்துத் தொப்பியைத் தூக்குவதற்கு முன்னால் அரை நொடி நிற்கிறார். அந்த அரை நொடியில்தான் சிரிப்பு இருக்கிறது, அதைத்தான் இந்த டிஸ்க்காரர்கள் விழுங்கிவிட்டிருந்தார்கள்.

விஷயம் ரொம்ப எளிது. அந்தக் காலத்துக் கேமராவைக் கையால் சுற்றுவார்கள், நொடிக்குப் பதினாறு, பதினெட்டு சட்டகம் என்று ஆளுக்கு ஆள், படத்துக்குப் படம் மாறும். பேசும்படம் வந்த பிறகுதான் நொடிக்கு 24 என்று நிலைத்தது. பதினெட்டில் எடுத்ததை இருபத்து நாலில் ஓட்டினால் எல்லாரும் ஓடத்தான் செய்வார்கள். 300 மீட்டர் சுருள் ஒன்று பதினாறில் ஓடினால் ஏறக்குறைய 16 நிமிடம், இருபத்து நாலில் ஓடினால் 11 நிமிடத்திலேயே தீர்ந்துவிடும். 24-ஐ 0.75-ஆல் பெருக்கிப் பாருங்கள், சரியாக 18. ஆக, என் பிளேயரில் ஒரு பொத்தானை அமுக்கி நான் செய்ததை, காசு வாங்கிய கம்பெனி செய்யவில்லை. இதில் இன்னொரு கூத்து, தொகுப்பில் சில படங்களை மட்டும் சரியான வேகத்தில் ஏற்றியிருக்கிறார்கள், அவற்றை 0.75-ல் ஓட்டினால் எல்லாரும் தண்ணீருக்குள் நடப்பதுபோல் நடப்பார்கள். எது எந்த வேகம் என்று அட்டையில் ஒரு வரிகூட இல்லை. ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்து, கையேட்டின் ஓரத்தில் பென்சிலால் எழுதி வைத்திருக்கிறேன்.

வேகத்தைப் பற்றி ஏன் இவ்வளவு புலம்புகிறேன் என்றால், லிண்டெர் ஓடி விழுந்து சிரிக்க வைக்கிற ஆள் இல்லை. அவருக்கு முன்னால் பிரெஞ்சுச் சினிமாவில் சிரிப்பு என்றால் பெரும்பாலும் சர்க்கஸிலிருந்தும் மேடைக் கூத்துகளிலிருந்தும் வந்தவர்கள் குட்டிக்கரணம் போடுவது, மாவு மூட்டைக்குள் விழுவது, வண்டியில் மோதுவது. இவர் 1883-ல் போர்தோ பக்கம் சேன்-லூபேயில், திராட்சைத் தோட்டம் வைத்திருந்த குடும்பத்தில் பிறந்தவர். நாடகம் முறையாகப் படித்துவிட்டுப் பாரிஸ் மேடைக்கு வந்து, 1905-ல் பாத்தேயில் நுழைந்தார். கொஞ்ச காலத்திலேயே அந்த உருவம் வந்துவிட்டது: பட்டுத் தொப்பி, நல்ல தையல் கோட்டு, கையுறை, கைத்தடி, எண்ணெய் வைத்துச் சீவிய தலை, அளவாக நறுக்கிய மீசை. மைனர் என்று ஒரே சொல்லில் சொல்லிவிடலாம். வேலை வெட்டி எதுவும் செய்வதாகத் தெரியாது, பணத்துக்கும் குறைவில்லை. கவலையெல்லாம் ஒன்றே ஒன்று, தான் பார்க்கிற பெண் தன்னை எப்படிப் பார்க்கிறாள் என்பது. தெருவில் விழுந்து எழுந்தாலும் அவர் முதலில் தொடுவது முழங்காலை அல்ல, தொப்பியை.

எனக்குப் பிடித்ததிலிருந்தே தொடங்குகிறேன். 1914-ல் வந்த, கால் வைத்தியராக மாக்ஸ் வேஷம் போடுகிற படம். மாக்ஸ் கல்யாணமான ஒரு பெண்ணின் வீட்டுக்கு வந்திருக்கிறான். எதற்கு என்று சொல்ல வேண்டியதில்லை. புருஷன் வந்துவிடுகிறான். இந்த இடத்தில் மேடை நாடகமாக இருந்தால் அலமாரிக்குள் ஒளிய வேண்டும், இல்லாவிட்டால் ஜன்னல் வழியாகக் குதிக்க வேண்டும். இவன் ஒளியவும் இல்லை, குதிக்கவும் இல்லை, கால் வைத்தியர் ஆகிவிடுகிறான், அதாவது ஆணி, கடினத்தோல் எல்லாம் செதுக்கி எடுக்கிற ஆள். காலில் விழுந்து காதல் சொல்ல வந்தவனுக்கு அந்தக் காலே சாக்காகக் கிடைக்கிறது. நல்ல பொய். ஆனால் ரொம்ப நல்ல பொய் என்பதுதான் சங்கடம், ஏனென்றால் புருஷனுக்கு நம்பிக்கை வந்துவிடுகிறது, வந்ததும் வந்தீர்கள், என் காலையும் ஒரு பார்வை பாருங்கள் என்று செருப்பைக் கழற்ற ஆரம்பித்துவிடுகிறான்.

அந்த இடத்தை 0.75-ல் பார்க்க வேண்டும். மாக்ஸின் முகத்தில் ஒன்றன்பின் ஒன்றாக வருவதைப் பாருங்கள்: தப்பித்தோம் என்ற நிம்மதி, அப்புறம் புரிகிறது, அப்புறம் நாற்றம். மூன்றும் தனித்தனியாக வரும். வேகமாக ஓட்டினால் மூன்றும் சேர்ந்து ஒரு முகச்சுளிப்பாகிவிடும், அவ்வளவுதான். காதலியின் கையைப் பிடிக்க வந்தவன் அவள் புருஷனின் காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான், நம் மொழியில் இதற்குத் தனியாக விளக்கமே வேண்டாம். புருஷன் பாட்டுக்குச் சொகுசாகச் சாய்ந்திருக்கிறான். அவனுக்குத் துளி சந்தேகம் கிடையாது. சந்தேகப்பட்டு அடித்திருந்தால் மாக்ஸின் மானம் இதைவிடக் கொஞ்சம் மிச்சமாகியிருக்கும்.

இந்த வகைக் கதை வானத்திலிருந்து குதிக்கவில்லை. பாரிஸ் புலவார் நாடகங்கள், அதாவது அங்கே அகலத் தெருக்களின் அரங்குகளில் ஓடிய ஜனரஞ்சக நாடகங்கள், பல பத்தாண்டுகளாக இதைத்தான் அரைத்துக்கொண்டிருந்தன. நாடகாசிரியர் லாபிஷ் 1851-லேயே ஒரு வைக்கோல் தொப்பியை வைத்துக்கொண்டு ஒரு கல்யாண ஊர்வலத்தையே ஊர் சுற்ற வைத்தவர். அவருக்குப் பின்னால் ஃபேதோ என்ற நாடகாசிரியர் வந்து அதைக் கடிகாரம் மாதிரி ஆக்கினார், இந்தக் கதவு மூடும்போது அந்தக் கதவு திறக்க வேண்டும் என்று கணக்குப் போட்டு எழுதினார். லிண்டெர் படங்கள் வந்துகொண்டிருந்த அதே காலத்தில் ஃபேதோவும் எழுதிக்கொண்டுதான் இருந்தார். இன்னொன்றையும் சேர்த்துப் பார்க்கலாம், பிரான்ஸில் விவாகரத்துச் சட்டம் 1884-ல்தான் திரும்ப வந்தது. பிடிக்காவிட்டாலும் கட்டினவனோடு கிடக்க வேண்டும் என்றிருந்த ஊரில் சட்டென்று ஒரு வாசல் திறக்கிறது, அந்த வாசலில் போய் வருகிற ஆட்களைப் பார்த்துச் சிரிப்பதற்கு நாடகக்காரர்களுக்குச் சொல்லியா தர வேண்டும். மேடையில் மூன்று மணி நேரம் பேசிப் பேசிச் செய்ததைச் சினிமாக்காரர்கள் பேச்சில்லாமல் பத்து நிமிடத்துக்குள் செய்ய வேண்டியிருந்தது. கதவு மட்டும் மிஞ்சியது. இந்தப் படங்களில் கதவுகளை எண்ணிப் பாருங்கள், பொழுது போகும்.

பாத்தேகாரர்கள் படத்தைத் திருடிப் பிரதி எடுப்பவர்களுக்குப் பயந்து தங்கள் சேவல் சின்னத்தை அரங்கப் பொருள்களிலேயே ஒட்டிவைப்பார்கள். பழைய பாத்தே படம் போட்டால் முதலில் சேவலைத் தேடுவது எனக்கு ஒரு பழக்கமாகிவிட்டது, வரவேற்பறையில் காதல் ஓடிக்கொண்டிருக்கும், சுவரில் சேவல் நின்றுகொண்டிருக்கும்.

சரி, அடுத்த திட்டு. திரை. இந்தப் படங்கள் ஏறக்குறைய சதுரம், நாலுக்கு மூன்று. கேமரா ஒரே இடத்தில் நிற்கும், ஆட்கள் தலையிலிருந்து கால்வரை தெரிவார்கள். இரண்டாவது டிஸ்க்கில் பல படங்களை இன்றைய அகலத் திரையை நிரப்ப வேண்டும் என்று மேலேயும் கீழேயும் வெட்டியிருக்கிறார்கள். மேலே என்ன இருக்கும்? தொப்பி! மாக்ஸ் லிண்டெர் படத்தில் தொப்பியை வெட்டுவது என்ன மாதிரி வேலை என்று எனக்குத் தெரியவில்லை. 1913-ல் தொப்பியையே கதாநாயகன் ஆக்கி ஒரு படம் எடுத்த ஆள் அவர். கீழே வெட்டியதில் பாதம் போய்விட்டது, ஆக அவர் பனிச்சறுக்கில் வழுக்கி விழும்போது எதில் வழுக்கினார் என்று தெரியாமல் சட்டென்று இடுப்பளவில் காணாமல் போகிறார். ஒரு படத்தில் வெட்டாமல் இழுத்திருக்கிறார்கள், அது இன்னும் மோசம், பட்டுத் தொப்பி தோசைச்சட்டி மாதிரி அகன்றுபோய்விட்டது.

1911-ல் வந்த குவின்குவினா படம், அதாவது சிங்கோனாப் பட்டை போட்ட சத்து ஒயினை டாக்டர் தினமும் ஒரு கோப்பை குடிக்கச் சொல்கிற கதை, நல்லவேளையாக முதல் டிஸ்க்கில் முழுசாக இருக்கிறது. கோப்பை என்றுதான் டாக்டர் சொன்னார், எவ்வளவு பெரிய கோப்பை என்று சொல்லவில்லை. மாக்ஸ் வீட்டில் இருப்பதிலேயே பெரியதை எடுத்துவிடுகிறான். அந்த நிலையில் வெளியே போய், போகிற இடமெல்லாம் பெரிய மனிதர்களோடு சண்டை. ஒருவர் போர் அமைச்சர், ஒருவர் தூதர், ஒருவர் போலீஸ் கமிஷனர். அடித்துக்கொள்வதில்லை, அது நாகரிகமில்லை, விசிட்டிங் கார்டை நீட்டுகிறார்கள். வாள் சண்டைக்கு வா, இதுதான் என் விலாசம் என்று அர்த்தம். அப்புறம் தெருவில் தள்ளாடுகிறவனைப் போலீஸ்காரர் பிடித்துச் சட்டைப்பையைத் துழாவ, தூதரின் கார்டு கிடைக்கிறது. ஐயோ, தூதரா! சலாம் அடித்து, பத்திரமாக அந்த விலாசத்தில் கொண்டுபோய்ச் சேர்க்கிறார்கள். இப்படியே அடுத்த கார்டு, அடுத்த வீடு. குடிகாரன் ஒருவன் ஊரிலுள்ள பெரிய வீடுகளுக்குள் எல்லாம் போலீஸ் மரியாதையோடு நுழைந்து வருகிறான். காதல் இதில் ஓரமாகத்தான் வருகிறது, ஆனாலும் தொகுப்பில் சேர்த்ததற்கு நன்றி. நன்றாக உடுத்தியிருந்தால் போதும், மற்றதெல்லாம் தானே நடக்கும் என்கிற அந்த ஊர் வழக்கத்தை இதைவிடச் சுருக்கமாக யாரும் கிண்டல் செய்து நான் பார்த்ததில்லை.

லிண்டெர் படங்களில் ஒரு குறை உண்டு, ரசிகன் என்பதற்காக மூடிமறைக்க முடியாது. பெண்கள் பாதிப் படங்களில் பரிசுக் கோப்பை மாதிரி நிற்கிறார்கள். ஒன்றில் ஒருத்தி, மூன்று பந்தை மாற்றி மாற்றித் தூக்கிப்போட்டுப் பிடிக்கக் கற்றுக்கொண்டு வா, அப்புறம் கல்யாணத்தைப் பற்றிப் பேசலாம் என்கிறாள். மாக்ஸ் வீட்டில் பழகி வீட்டுச் சாமான்களை எல்லாம் உடைத்துவிட்டு, கடைசியில் வித்தை தெரிந்த ஒருவனை மறைவில் ஒளித்துவைத்து, அவன் கையைத் தன் கைபோலக் காட்டி ஏமாற்றப் பார்க்கிறான். குட்டு உடையாமல் இருக்குமா. வேடிக்கைதான், ஆனால் அந்தப் பெண் ஏன் அப்படிக் கேட்டாள் என்று யாருக்கும் அக்கறையில்லை. பெண் டாக்டர் படத்தில் கொஞ்சம் பரவாயில்லை. மார்பில் காதை வைத்து அவள் சோதிக்கும்போது இவனுக்குக் கூசுகிறது, அந்தக் கூச்சத்திலேயே காதல் வந்து கல்யாணமும் ஆகிவிடுகிறது. ஆனபிறகு கைக்குழந்தையோடு போய்ப் பார்த்தால், காத்திருக்கும் அறை நிறைய ஆண் நோயாளிகள். ஒவ்வொருவன் மார்பிலும் அவள் காது வைப்பாளே! தன்னைக் கவிழ்த்த அதே வைத்தியம் மற்றவனுக்கும் நடக்கிறது என்று தெரிகிறபோது அவன் முகம் போகிற போக்கைப் பார்க்க வேண்டும். பெண் வேலைக்குப் போவதைக் கிண்டல் செய்ய எடுத்ததுதான், ஆனால் இன்று பார்த்தால் கோமாளியாகத் தெரிவது அவன் மட்டும்தான்.

இந்தக் குறைக்கு மருந்து மாதிரி முதல் டிஸ்க்கிலேயே அலிஸ் கீ எடுத்த ஒரு படத்தை வைத்திருக்கிறார்கள். 1906, கோமோன். கோமோன் கம்பெனிக்குச் செயலாளராகப் போய் இயக்குநரான பெண். இரண்டு நிமிடம் சொச்சம்தான் இருக்கும். தபால் நிலையம். ஒரு சீமாட்டி கை நிறையக் கடிதங்களோடு வருகிறாள், கூடவே வேலைக்காரப் பெண். தபால்தலையை ஈரப்படுத்த வேண்டும், அதற்குச் சீமாட்டி தன் நாக்கையா நீட்டுவாள்? வேலைக்காரி நாக்கை நீட்டிக்கொண்டு சிலை மாதிரி நிற்கிறாள், சீமாட்டி ஒவ்வொரு தலையாக அந்த நாக்கில் தேய்த்துத் தேய்த்து ஒட்டுகிறாள். நிதானமாக, ஒன்று, இரண்டு, மூன்று என்று. பக்கத்தில் பெரிய மீசைக்காரர் ஒருவர். அவர் அந்த நாக்கைப் பார்க்கிறார், பார்க்கிறார், பார்த்துக்கொண்டே இருக்கிறார். சீமாட்டி அந்தப் பக்கம் திரும்பியதுதான் தாமதம், பாய்ந்து வாயில் ஒரு முத்தம். ஒட்டிக்கொண்டது! அத்தனை பசை அந்த உதட்டில். இழுக்கிறார்கள், வரவில்லை. கடைசியில் கத்தரிக்கோல் வந்து மீசையை நறுக்குகிறது. மனுஷர் அரை மீசையோடு நிற்கிறார், மிச்ச மீசை அவள் உதட்டுக்கு மேலே.

இதை நாலு முறை பார்த்தேன். முதலில் சிரிப்பு வந்தது. அப்புறம் அந்த நாக்கை நீட்டிக்கொண்டு நிற்கிற நிலை கொஞ்சம் உறுத்தியது, வேலைக்காரியை ஈரப் பஞ்சாகப் பயன்படுத்துகிறார்களே என்று. அந்த உறுத்தலைச் சிரிப்புக்குள்ளேயே வைத்திருக்கிறார் அலிஸ் கீ. படம் முடியும்போது யார் மூஞ்சியில் பெருமை போயிருக்கிறது என்று பார்த்தால் அந்த மீசைக்காரர் மூஞ்சியில்தான்.

துரத்தல் படங்களைப் பற்றி நீட்ட விரும்பவில்லை. பாத்தேயின் ஒரு மாப்பிள்ளைக்குப் பத்துப் பெண்கள் கதை 1905-ல் வந்தது: பெண் தேவை என்று ஒருவன் விளம்பரம் கொடுக்கிறான், பத்துப் பேர் வந்து நிற்கிறார்கள், அவன் ஓடுகிறான், அவர்கள் துரத்துகிறார்கள், வேலி, மேடு, பள்ளம், தண்ணீர் என்று எல்லாவற்றையும் எல்லாரும் ஒருவர் பின் ஒருவராகத் தாண்டி முடிக்கும்வரை கேமரா பொறுமையாக நிற்கிறது. இது பாத்தேயின் சொந்தச் சரக்கும் இல்லை, முந்தைய வருடம் அமெரிக்காவில் பயோகிராஃப் கம்பெனி எடுத்தது, அங்கேயே எடிசன் கம்பெனி அதைச் சுட்டு வழக்கு வரைக்கும் போனது. அந்த அமெரிக்கப் படத்திலும் துரத்தப்படுகிறவன் ஒரு பிரெஞ்சுக்காரன்தான், ஆகவே கதை சொந்த ஊருக்கே திரும்பி வந்தது என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு தடவை பார்க்கலாம்.

எதிர்பாராமல் மனதில் தங்கியது லெயோன்ஸ் பெர்ரே படங்கள். கொஞ்சம் தடித்த, சிரித்த முகம். லிண்டெர் எப்போதும் மாப்பிள்ளை ஆகத் துடிக்கிறவர் என்றால் இவர் ஏற்கெனவே ஆகிவிட்டவர், கல்யாணத்துக்குப் பிறகு நடக்கிற சின்னச் சின்னத் திருட்டுத்தனம்தான் இவர் சரக்கு. சிங்கி இறால் படத்தில் கடலோரத்தில் விடுமுறை. மனைவிக்குச் சிங்கி இறால் சாப்பிட ஆசை. மனைவியாக வருவது சூஸான் கிராந்தே. ஐயா, நானே கடலுக்குப் போய்ப் பிடித்து வருகிறேன் என்று வீரம் பேசிவிட்டு, இறாலை விலைக்கு வாங்கி ஏற்பாடு செய்துவிட்டு, நேரே போவது சினிமாவுக்கு. அன்று ராத்திரி பார்த்துக் கடல் கொந்தளிக்கிறது. அவள் வீட்டில் பதறிக்கொண்டிருக்கிறாள், இவர் கொட்டகையில் சொகுசாகப் படம் பார்த்துக்கொண்டிருக்கிறார். இந்தப் படத்தில் இரண்டு பேரும் சமம். பொய் சொல்கிறவனைவிட அதை நம்பிப் பதறுகிறவள் முகத்தில் கேமராவுக்கு ஆர்வம் அதிகம், பொய் தெரிந்த பிறகு அவள் முகம் மாறுவதைப் பார்க்கக் கொடுத்துவைத்திருக்க வேண்டும். இப்படிப் படங்களுக்காகவே இந்தத் தொகுப்பை வாங்கலாம் என்று இப்போது நினைக்கிறேன், அதுவும் அந்தப் படத்துக்குச் சரியான வேகம் வைத்திருக்கிறார்கள், யார் புண்ணியமோ.

மாக்ஸும் அவன் நாய் டிக்கும் வருகிற 1912 படத்தைப் பற்றிச் சொல்லும்போதுதான் அடுத்த பெரிய குறையும் வருகிறது. கதை இதுதான்: மாக்ஸ் கல்யாணம் செய்துகொண்டு அலுவலகம் போனதும், மனைவியைத் தேடிப் பழைய போட்டியாளன் வீட்டுக்கு வந்துவிடுகிறான். மனைவியாக ழான் ரெனுவார். பார்த்துக்கொண்டிருந்த நாய் என்ன செய்கிறது தெரியுமா, தொலைபேசியை எடுத்து அலுவலகத்துக்குப் பேசுகிறது. அதாவது குரைக்கிறது. அந்தப் பக்கம் மாக்ஸ் காதில் வைத்துக் கேட்டு, புரிந்துகொண்டு, தொப்பியை எடுத்துக்கொண்டு கிளம்புகிறான். மௌனப்படத்தில் குரைப்பைக் கேட்டு ஒருவன் புரிந்துகொள்கிற மாதிரி நடிக்க வேண்டும், அதை நாம் நம்ப வேண்டும். நம்புகிறோம்! குறை என்னவென்றால், இது மாதிரிப் படங்களில் கதை திரும்புகிற இடமெல்லாம் ஒரு கடிதமோ ஒரு சீட்டோ திரையை நிரப்பிக் காட்டுகிற இடமாகத்தான் இருக்கும். காதலி எழுதினது, புருஷன் தவறிப்போய்ப் படித்தது, மாமனார் தந்தி. எழுத்து அட்டைகளுக்கு மட்டும் கீழே மொழிபெயர்ப்பு போட்டிருக்கிறார்கள், கடிதங்களை விட்டுவிட்டார்கள். சரிந்த கையெழுத்துப் பிரெஞ்சை இரண்டு நொடியில் படித்துவிட நாம் என்ன பாரிஸ் தபால்காரரா? நிறுத்தி நிறுத்தி, எழுத்து எழுத்தாகத் தட்டிப் பார்த்துத்தான் பாதிக் கதையைப் பிடித்தேன். கேலிக் கூத்தில் கடிதம் புரியாவிட்டால் புருஷன் ஏன் கத்துகிறான் என்றே தெரியாது.

ஒனேசிம் என்கிற கோமாளிப் பாத்திரத்தின் படம் ஒன்று இருக்கிறது, 1912, ழான் துய்ரான் இயக்கியது. இருபது வருடம் கழித்துத்தான் சொத்து கைக்கு வரும் என்றதும் ஊர்க் கடிகாரங்களை நடத்துகிற எந்திரத்திலேயே கைவைத்து உலகத்தையே வேகமாக ஓட வைக்கிறான். அதிலேயே கல்யாணம் ஆகிறது, பிள்ளை பிறந்து வளர்ந்தும் விடுகிறது. இந்த ஒரு படத்தை மட்டும் எந்த வேகத்தில் ஓட்டினாலும் தப்பே தெரியாது. ரிகதேன் என்கிற இன்னொரு கோமாளிப் பாத்திரத்தின் படங்கள் இரண்டு இருக்கின்றன, அந்தக் காலத்தில் லிண்டெருக்குப் போட்டியாக ஓடியவை, எனக்கு அந்த மூக்கைச் சுளிக்கிற நடிப்பு ஒட்டவில்லை, தாண்டிவிட்டேன்.

மாமியார் படம். 1911. தேனிலவுக்குக் கிளம்புகிறார்கள் மாக்ஸும் புதுப்பெண்ணும். பெண்ணைப் பிரிய முடியாமல் மாமியார் அழுகிறாள், அழுத அழுகையில் கூடவே கிளம்பியும் விடுகிறாள். போகிற இடம் பனிமலை. மாமியாரைப் பனியில் எப்படியெல்லாம் சறுக்கவிடலாம் என்பதுதான் மீதிப் படம். இதை நான் பார்த்துக்கொண்டிருந்தபோது என் மாமியார் ஊரிலிருந்து வந்திருந்தார். பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிட்டார். நான் சட்டென்று வேறு படத்துக்கு மாற்றப் பார்த்தேன். "மாத்தாதீங்க மாப்பிள்ளை, யாரு அந்தம்மா, நல்லா உருளுது" என்றார். எனக்கு வியர்த்தது. அவர் என்னைவிட அதிகமாகச் சிரித்தார், அந்தக் கிழவி எழுந்து நிற்க முடியாமல் மறுபடி மறுபடி விழும்போதெல்லாம் கையைத் தட்டினார், முடிந்ததும் இன்னொரு தரம் போடச் சொன்னார். ஒரே ஒரு விமர்சனம்தான் சொன்னார்: "அந்தப் பொண்ணுக்கு அம்மாவைத் தூக்கிவிடத் தோணலை பாருங்க." நான் அந்தப் பெண்ணைக் கவனிக்கவே இல்லை. இரண்டாம் முறை பார்க்கும்போதுதான் கவனித்தேன்.

கையேட்டில் லிண்டெரின் வாழ்க்கையை அரைப் பக்கத்தில் முடித்துவிட்டார்கள். சாப்ளின் தன் புகைப்படம் ஒன்றில் இவரை ஆசான் என்றும் தன்னைச் சீடன் என்றும் எழுதிக் கையெழுத்திட்டுக் கொடுத்ததை எல்லாரையும்போல இவர்களும் போட்டிருக்கிறார்கள், சரி. 1914-ல் போர் வந்தது, உடல்நலம் போனது, 1916-ல் சாப்ளின் விட்டுவிட்டுப் போன எஸனே கம்பெனி அந்த இடத்துக்கு இவரை அமெரிக்காவுக்கு அழைத்தது, மூன்று படத்தோடு அது முடிந்தது. 1925-ல் பாரிஸில் அவரும் இளம் மனைவியும் ஒன்றாக இறந்துபோனார்கள். மகள் மோதுக்கு அப்போது 16 மாதம். அந்தக் குழந்தை வளர்ந்து, அப்பாவின் படங்களைத் தேடித் தேடிச் சேர்த்து, 1963-லும் 1983-லும் அவரைப் பற்றி இரண்டு தொகுப்புப் படங்கள் எடுத்தது. கையேட்டில் அந்த மகளைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. இந்த ஆளின் படங்கள் இன்று நம் கைக்கு வருகிற அளவுக்கு மிஞ்சியதில் அவருக்குப் பெரிய பங்குண்டு, ஒரு வரி எழுதியிருந்தால் தாளா தேய்ந்துவிடும்.

வேகம், வெட்டிய தொப்பி, கடிதம் மூன்றையும் சேர்த்து அந்தக் கம்பெனிக்கு ஒரு மெயில் போட்டேன். பதில் வந்தது: அந்தக் காலத்துப் படங்கள் இயல்பாகவே வேகமாகத்தான் இருக்கும், நீங்கள் குறிப்பிடுவது பழுது அல்ல. தொப்பியைப் பற்றி ஒன்றும் இல்லை. இசையைப் பற்றி நான் கேட்கவே இல்லை, ஆனால் சொந்தமாக வாசித்துச் சேர்த்த இசை என்று பெருமையாக எழுதியிருந்தார்கள். ஒரே துண்டைப் பாதிப் படங்களுக்கு மேல் மாற்றி மாற்றி ஒட்டியிருக்கிறார்கள், அரை மீசை நறுக்கப்படும்போதும் அதே இசை, மனைவி ஜன்னலோரம் புயலைப் பார்த்துக்கொண்டிருக்கும்போதும் அதே இசை.

அப்போ வாங்கலாமா? கணினியிலோ வேகம் மாற்றுகிற பிளேயரிலோ பார்க்கிற ஆள் என்றால், கடிதம் வரும் இடத்தில் நிறுத்திப் படிக்கப் பொறுமையும் இருந்தால், முதல் டிஸ்க்குக்காக வாங்கலாம். வெறும் டிவியில் போட்டுவிட்டுச் சாய்ந்து பார்க்கிறவர் என்றால் வேண்டாம், மூன்றாவது படத்திலேயே என்னைப்போல அலமாரியில் வைத்துவிடுவீர்கள். லிண்டெர் பெயரில் பாரிஸில் புலவார் புவாஸோனியேரில் ஒரு திரையரங்கு இன்றும் இருக்கிறது, அங்கே போய்ப் பெரிய திரையில் பார்க்கிற வசதி உள்ளவர்களுக்கு இந்த டிஸ்க் எதற்கு.

நட்சத்திரம் கேட்டால் படங்களுக்கு ஐந்தில் நாலரை, டிஸ்க்குக்கு ஒன்றரை. கால் வைத்தியர் படத்தில் புருஷன் எந்தக் காலை முதலில் நீட்டினான் என்று எழுதலாம் என்று தேடினேன், டிஸ்க் இல்லை. மாமியார் ஊருக்குப் போகும்போது எடுத்துப் போயிருக்கிறார். தங்கச்சி வீட்டில் போட்டுக் காட்ட வேண்டுமாம், வேகத்தை எப்படிக் குறைப்பது என்று நேற்று ராத்திரி போன் செய்து கேட்டார்.